அங்கி மேயருக்கு, ஆட்சி ஆணையருக்கு!

அச்சு முறிந்த ஊர் எம் ஊர். நாம் கூறவில்லை; தலபுராணம் கூறுகிறது. முப்புரம் எரிக்கப் புறப்பட்ட சிவனார் பிள்ளையாரை வணங்க மறந்தாராம். மகன் சினந்தானாம். தேரின் அச்சு இற்றதாம். அச்சு இற்ற இடம் அச்சிறுபாக்கமாகி, பின் அச்சரப்பாக்கமாகி, இன்று ரயில் நிலையப் பலகையில் நிற்கிறதாம்! மூன்று கோட்டைகளைச் சிரித்தே சாம்பலாக்க வல்லவருக்கு, முறிந்த அச்சை மாற்ற ஒரு தச்சன் கிடைக்கவில்லையா என்று கேட்டால் முகம் சுளிப்பர். கேட்க வேண்டாம். கதையில் மறைந்திருக்கும் சிறு உண்மையை மட்டும் எடுத்துக்கொள்வோம்: தேருக்குத் தோரணம் எத்தனை கட்டினாலும், அச்சு இல்லையேல் தேர் நகராது.

இந்தக் கதை நினைவுக்கு வந்த இடம் கோயில் அல்ல, வகுப்பறை. உள்ளாட்சி பற்றிய பாடம் வரும் வாரத்தில் வகுப்பையே மாநகராட்சி மன்றமாக்கிவிடுவது நமது வழக்கம். பெஞ்சுகள் வார்டுகளாகும், கரும்பலகை அருகே மேயர் நாற்காலி. சென்ற முறை மேயராக வந்தவள் கடைசிப் பெஞ்சு மாணவி. ஆணையராக வந்தவன் முதல் மதிப்பெண் வாங்குபவன். மேயர் எழுந்தாள், குழாயடியில் தேங்கும் சாக்கடையை நாளைக்குள் அகற்ற வேண்டும் என்றாள். ஆணையர் எழுந்து, "ஆகட்டும்" என்றான். மன்றம் கைதட்டிற்று. அப்போது ஒரு சிறுவன் கேட்டான்: "ஐயா, ஆணையர் முடியாது என்று சொல்லிவிட்டால், மேயர் அவரை நீக்கிவிடலாமா?"

பாடநூல் எழுதுவோர் இந்தக் கேள்வியின் பக்கமே வருவதில்லை. மேயர் மாநகரின் முதல் குடிமகன் என்று எழுதுவர். மன்றக் கூட்டத்துக்குத் தலைமை தாங்குவார் என்பர். அயல்நாட்டு விருந்தினரை வரவேற்பார் என்பர். ஆணையர் இந்திய ஆட்சிப் பணியைச் சேர்ந்தவர், நிர்வாகத்தைக் கவனிப்பார் என்று ஒரு வரி. அத்துடன் பயிற்சி வினாக்கள். இரண்டு பேருக்குமிடையே ஆட்சி யாரிடம் இருக்கிறது என்ற வினா மட்டும் இல்லை. அந்த வினாவைத் தோழர்கள் முன் வைப்பதே இக்கட்டுரையின் வேலை.

நீக்க முடியாது. அதுதான் விடை. ஆணையரை மேயர் தேர்ந்தெடுப்பதில்லை, மாமன்றமும் தேர்ந்தெடுப்பதில்லை. மாநில அரசு அனுப்புகிறது, மாநில அரசு மாற்றுகிறது. நிறைவேற்றும் அதிகாரம் அவரிடம். மன்றம் தீர்மானம் போடலாம். அத்தீர்மானத்தை நிறுத்திவைக்கவும் ரத்துச் செய்யவும் அரசுக்குச் சட்டம் இடம் கொடுத்து வந்திருக்கிறது. சிவப்பு அங்கி, பொற்சங்கிலி, செங்கோல் — இவை மேயருக்கு. கோப்பு, கையொப்பம், கருவூலம் — இவை ஆணையருக்கு. முன்னாளில் 'வணக்கத்திற்குரிய மேயர்' என்றே அழைத்தனர். கல்லை வணங்கச் சொல்லிக் காரியத்தைப் பூசாரி பார்த்துக்கொள்ளும் முறை நமக்குப் புதிதல்ல!

இந்த ஏற்பாடு எங்கிருந்து வந்தது? சென்னை மாநகராட்சி இந்தியாவிலேயே பழமையானது என்று பெருமை பேசுகிறோம். பேசலாம். 1687 டிசம்பர் 30-ஆம் நாள் இரண்டாம் ஜேம்ஸ் மன்னன் காலத்தில் பட்டயம் பிறந்தது. 1688 செப்டம்பர் 29-இல் மாநகராட்சி தொடங்கிற்று. ஒரு மேயர், பன்னிரண்டு ஆல்டர்மென், அறுபது பர்ஜெஸ். முதல் மேயர் நத்தானியேல் ஹிகின்சன். ஆனால் பட்டயத்தின் நோக்கம் என்ன? மக்களாட்சி மீது மன்னனுக்குத் திடீரென்று காதல் பிறந்துவிட்டதா? இல்லை. கம்பெனியின் லண்டன் தலைவர்களில் முதன்மையானவரான ஜோசையா சைல்டு போட்ட கணக்கு அது. கோட்டையிலிருந்து வெள்ளைக்காரன் வரி கேட்டால் கறுப்பர் நகரத்து மக்கள் முரண்டுகிறார்கள். அவர்களுள் சிலரையே ஆல்டர்மென் ஆக்கி, அங்கி போட்டு, அவர்கள் வாயாலேயே வரி கேட்கச் செய்தால் தருவார்கள் அல்லவா? இதுதான் கணக்கு. மக்கள் அப்போதும் எளிதில் ஏமாறவில்லை; வரி வசூல் எதிர்பார்த்தபடி நடக்கவில்லை. அது வேறு கதை. நாம் குறித்துக்கொள்ள வேண்டியது ஒன்று: அங்கி முதலில் தைக்கப்பட்டது அதிகாரத்தை உடுத்த அல்ல, அதிகாரம் இல்லாமையை மறைக்க!

ஆண்டுகள் பல உருண்டன. 1882-இல் ரிப்பன் பிரபு தலசுயாட்சி பற்றிய தீர்மானம் கொண்டுவந்தார். 1913-இல் திறக்கப்பட்ட வெள்ளை மாளிகைக்கு அவர் பெயர் வாய்த்தது. பிறகு வந்தது 1919-ஆம் ஆண்டுச் சென்னை நகர முனிசிபல் சட்டம். மன்றத் தலைவரை உறுப்பினர்கள் தேர்ந்தெடுக்கலாம் என்று ஒரு கையால் தந்து, நிர்வாகத்தை அரசு நியமிக்கும் ஆணையரிடம் மறுகையால் ஒப்படைத்த சட்டம். வெள்ளையன் எழுதிய அந்தச் சட்டம், திருத்தங்களோடு, நூறாண்டுக்கு மேல் சென்னையை ஆண்டது. 1998-இல் இயற்றப்பட்ட நகர்ப்புற உள்ளாட்சிச் சட்டம், விதிகளுடன் நடைமுறைக்கு வந்தது 2023-இல்தான். ஏகாதிபத்தியம் கப்பலேறிவிட்டது, அதன் எழுத்தர் மட்டும் ரிப்பன் மாளிகையில் எழுபத்தைந்து ஆண்டுக்கு மேல் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார்.

அவ்வளவு சிறிய அதிகாரத்தை வைத்துக்கொண்டும் செய்ய நினைத்தவர்கள் செய்தார்கள் என்பதை மறைக்கக் கூடாது. அதிகாரி அல்லாத முதல் தலைவராக வந்தவர் வெள்ளுடை வேந்தர் சர் பிட்டி தியாகராயர். 1920 செப்டம்பரில் அவர் தலைமையிலிருந்த மன்றம் ஒரு தீர்மானம் நிறைவேற்றியது: ஆயிரம் விளக்குப் பகுதியிலிருந்த மாநகராட்சிப் பள்ளிப் பிள்ளைகளுக்குச் சிற்றுண்டி; செலவு, ஒரு பிள்ளைக்கு நாளொன்றுக்கு ஓர் அணாவுக்கு மேற்படாமல். பசித்த பிள்ளை பள்ளிக்கு வராது, வந்தாலும் பாடம் ஏறாது என்பதை அறிய அவர்களுக்கு ஆராய்ச்சிக் குழு தேவைப்படவில்லை. மேலும் சில பள்ளிகளுக்குத் திட்டம் பரவிற்று. பள்ளிக்கு வரும் பிள்ளைகள் பெருகினர். நடந்ததென்ன? தொடக்கக் கல்வி நிதியிலிருந்து இதற்குச் செலவிடக் கூடாது என்று மேலிடம் தடுத்தது. 1925-இல் திட்டம் நின்றது. நூற்றாண்டு கழித்து, 2022-இல், மாநிலம் முழுவதற்குமான காலை உணவுத் திட்டம் தொடங்கப்பட்டபோது தியாகராயரின் பெயரை எல்லோரும் நினைவுகூர்ந்தனர். நன்று. மாமன்றம் கண்ட கனவை மாநில அரசு நிறைவேற்றியது. ஆனால் இன்னொன்றையும் நினைவுகூர்ந்திருக்க வேண்டும். அந்தக் கனவை நிறுத்தியது பஞ்சமுமல்ல, மக்களின் வெறுப்புமல்ல. மன்றத்தின் தலைக்கு மேல் இருந்த ஒரு பேனா!

மன்றத்தின் மற்றொரு சிறப்பையும் சொல்ல வேண்டும். சாதி அடுக்கில் கீழே தள்ளப்பட்டவர்களுக்கும் பெண்களுக்கும் கோட்டையைவிட ரிப்பன் மாளிகை முந்திக் கதவு திறந்தது. 1933-இல் மேயர் பதவி மீண்டு, முத்தையா செட்டியார் அந்நாற்காலியில் அமர்ந்தார். நான்கே ஆண்டில், 1937-இல், ஆதிதிராவிடரான சிவசண்முகம் பிள்ளை அதே நாற்காலிக்கு வந்தார். 1945-இல் என். சிவராஜ். 1957-இல் தாரா செரியன். 2022-இல் ஆர். பிரியா, இருபத்தெட்டு வயதில், சென்னையின் முதல் தலித் பெண் மேயரானார். ஊர்த் தெருவில் செருப்பணிந்து நடக்கக் கூடாது என்று தடுக்கப்பட்ட மக்களின் மகள், செங்கோல் ஏந்தி நடந்தாள். அந்தக் காட்சியை ஏளனமாகப் பேசுவோருக்கு நம் பக்கத்தில் இடமில்லை. ஆனால் அந்தக் காட்சியோடு மனநிறைவு கொள்வோரிடமும் நமக்கு ஒரு கேள்வி உண்டு. அவர் வந்து சேர்ந்த நாற்காலியில் எவ்வளவு அதிகாரம் மிச்சமிருந்தது?

மிச்சம் எப்படிக் கரைந்தது என்பதை இனிப் பார்ப்போம். இங்கேதான் நம் வீட்டுக் கணக்கையும் எடுக்க வேண்டியிருக்கிறது.

1936-இல் ஓர் இளைஞர், பெத்துநாயக்கன்பேட்டையில் மாநகராட்சித் தேர்தலுக்கு நின்று தோற்றார். அவர் அறிஞர் அண்ணா. 1959-இல் அவர் கண்ட கழகம் நூறு இடங்களில் நாற்பத்தைந்தை வென்று, அ. பொ. அரசு மேயரானார். கோட்டைக்குப் போகும் பாதை ரிப்பன் மாளிகை வழியாகத்தான் திறந்தது. மாமன்றம் எங்களுக்குப் பயிற்சிப் பள்ளி என்று மேடைதோறும் பேசினோம். அந்தப் பள்ளியைப் பூட்டியவர் யார்? 1973 இறுதியில், மஸ்டர் ரோல் ஊழல் வெடித்தது. இல்லாத கூலியாட்களின் பெயரை எழுதிக் கூலி எடுத்த ஊழல் அது. மன்றம் கலைக்கப்பட்டது. அப்போது மாநிலத்தை ஆண்டது காங்கிரசு அல்ல; திராவிட இயக்க ஆட்சி. திருடியவரைத் தண்டிப்பது முறை. திருட்டு நடந்த வீட்டையே பூட்டிச் சாவியைக் கடலில் எறிவது என்ன முறை? பூட்டு திறக்க இருபத்து மூன்று ஆண்டுகள் ஆயின! ஆட்சிகள் மாறின, குடியரசுத் தலைவர் ஆட்சி வந்தது, போயிற்று, 1986-இல் பிற நகராட்சிகளுக்குத் தேர்தல் நடந்தது, சென்னைக்கு மட்டும் இல்லை. 1973-இல் பிறந்த பிள்ளை இருபத்து மூன்று வயதுக் காளையாகித்தான் 1996-இல் தன் வார்டு உறுப்பினர் முகத்தைக் கண்டது. ஒரு கட்சியின் குற்றமல்ல இது. யார் கோட்டையில் அமர்ந்தாலும் ரிப்பன் மாளிகை காலியாக இருப்பது வசதியாக இருந்தது.

வீட்டில் ஆள் இல்லாத வேளையில் பாத்திரங்கள் நடந்துபோகும் என்பர். அதுவும் நடந்தது. குடிசை மாற்று வாரியம் 1970-இலேயே அரசின் அமைப்பாக வந்துவிட்டது. நகரைத் திட்டமிடும் பொறுப்பு, 1974-இல் சட்டத் தகுதி பெற்ற பெருநகர் வளர்ச்சிக் குழுமத்துக்குப் போயிற்று. குடிநீரும் கழிவுநீரும் 1978-இல் தனி வாரியத்துக்குப் போயின. சத்தியமூர்த்தி மேயராக இருந்தபோது பூண்டி நீர்த்தேக்கத்துக்காக உழைத்தார். நீர் அன்று மாமன்றத்தின் கவலை. இன்று தன் வார்டில் குழாயில் சாக்கடை கலந்து வந்தால், மாமன்ற உறுப்பினரும் வாரியத்துக்கு மனு எழுதுகிறார். குடிமகனும் மனு எழுதுகிறார். இருவருக்கும் வேறுபாடு, கவுன்சிலரின் மனுவில் முத்திரை இருக்கும். மழைநீர்க் கால்வாய் மாநகராட்சிக்கு, கழிவுநீர்க் குழாய் வாரியத்துக்கு! இரண்டும் ஒரே தெருவில் ஒன்றையொன்று தழுவி ஓடுகின்றன. மழை வந்தால் கலந்தும் விடுகின்றன. தண்ணீருக்குத் துறைப் பாகுபாடு தெரிவதில்லை.

தலைநகரத்து மன்றத்தைக் கண்டு ஆட்சி அஞ்சுவது நம் நாட்டுக்கு மட்டும் உரிய நோய் என்று கருத வேண்டாம். 1871-இல் பாரிஸ் கம்யூன் இரத்தத்தில் மூழ்கடிக்கப்பட்ட பிறகு, 1977 வரை அந்த மாநகருக்கு மேயரே இல்லை. அரசின் அதிகாரிகள் ஆண்டனர். விடுதலை, சமத்துவம், சகோதரத்துவம் என்று உலகுக்கு ஓதிய நாட்டின் தலைநகரம் அது! லண்டனில், தேம்ஸ் நதிக்கு அக்கரையில் நாடாளுமன்றம், இக்கரையில் மாநகர மன்றம். வேலையற்றோர் எண்ணிக்கையைப் பெரிதாக எழுதி மன்றக் கட்டடத்தின் மேல் வைத்தார் கென் லிவிங்ஸ்டன். அக்கரையிலிருந்து அதை நாள்தோறும் பார்த்துக்கொண்டிருக்க தாட்சர் அம்மையாருக்கு மனம் பொறுக்கவில்லை. 1986-இல் மன்றத்தையே ஒழித்தார். 2000-இல் லண்டனுக்கு மேயர் தேர்தல் வந்தது; வென்றவர் அதே லிவிங்ஸ்டன். பூட்டியவர்களுக்கும் பூட்டு நிரந்தரமல்ல.

நம்மிடமும் ஒரு பூட்டு உடைக்கும் கருவி வந்தது. 1992-இல் நிறைவேறி 1993-இல் நடைமுறைக்கு வந்த அரசியல் சட்டத்தின் 74-ஆவது திருத்தம் கூறுகிறது: நகராட்சி மன்றத்தின் ஆயுள் ஐந்தாண்டு, முடியுமுன் தேர்தல், கலைத்தால் ஆறு மாதத்துக்குள் தேர்தல். 1996-இல் நேரடித் தேர்தலில் மு. க. ஸ்டாலின் மேயரானார். தோழர்கள் பூரித்தோம், இனிப் பூட்டு இல்லை என்று. பிறகு? 2001-இலும் நேரடித் தேர்தல், 2006-இல் மறைமுகம், 2011-இல் நேரடி, 2019-இன் அவசரச் சட்டத்தால் மீண்டும் மறைமுகம். மேயரை மக்கள் தேர்ந்தெடுப்பதா, உறுப்பினர்கள் தேர்ந்தெடுப்பதா என்பது கொள்கையாக இருந்த காலம் போய், கோட்டையில் அமர்ந்தவரின் அன்றைய கூட்டல் கழித்தலாகிவிட்டது. 2011-இல் நகர எல்லை 426 சதுர கிலோமீட்டராக விரிந்து, 200 வார்டுகள், 15 மண்டலங்கள் ஆயின. விரிந்த மாநகரின் முதல் மன்றம் 2016 அக்டோபரில் ஆயுள் முடிந்து எழுந்தது. அடுத்த தேர்தலுக்கான அறிவிப்பை, இடஒதுக்கீட்டு விதிகள் பின்பற்றப்படவில்லை என்று உயர் நீதிமன்றம் ரத்துச் செய்தது. பிழையைத் திருத்தித் தேர்தல் நடத்த எத்தனை மாதம் ஆக வேண்டும்? வார்டு மறுவரையறை என்றனர், வழக்கு என்றனர், வாய்தா என்றனர். 2022 பிப்ரவரியில்தான் வாக்குப் பெட்டி வந்தது. ஐந்தாண்டுக்கு மேல், ஒரு முழு மன்றத்தின் ஆயுளே, தனி அலுவலர் ஆட்சியில் கழிந்தது.

அந்த இடைவெளியில், 2018-இல், சொத்து வரி உயர்த்தப்பட்டது. கூச்சல் எழுந்து 2019 நவம்பரில் நிறுத்தி வைக்கப்பட்டது. தோழர்களே, 1688-ஐ மீண்டும் நினைத்துப் பாருங்கள். வரி கேட்பதற்காகவாவது ஒரு மன்றம் வேண்டும் என்று நினைத்தான் கம்பெனிக்காரன். அந்த மரியாதைகூட 2018-இன் சென்னைக்குக் கிட்டவில்லை!

"மன்றம் இருந்தால் மட்டும் என்ன வாழ்கிறது? கவுன்சிலர்கள் கட்டடம் கட்டுபவனிடம் கை நீட்டுகிறார்கள், பெண்ணுக்கு ஒதுக்கிய இடத்தில் கணவன் வந்து அதிகாரம் செய்கிறான், அதிகாரி ஆண்டால் ஒழுங்காவது இருக்கும்" என்று படித்தவர்களே பேசக் கேட்கிறோம். ஆசிரியர் ஓய்வறையில் இதைக் கேட்காத வாரமில்லை. கை நீட்டுபவனும் உண்டு, கணவன் நாற்காலியும் உண்டு, நாம் மறுக்கவில்லை. ஆனால் அதிகாரம் இல்லாத பதவிக்கு வருபவன் எதைத் தேடி வருவான்? சாலை எங்கே போட வேண்டும் என்று தீர்மானிக்க உரிமையில்லாதவன், சாலைக் குத்தகையில் பங்கு கேட்கக் கற்றுக்கொள்கிறான். பொறுப்பைப் பறித்த இடத்தில் பொறுக்குதல் வளர்கிறது. கவுன்சிலர் தவறு செய்தால் ஐந்தாண்டில் நாம் கணக்குத் தீர்க்கலாம். ஆணையர் தவறு செய்தால்? வேறு துறைக்கு மாறுதல்! புறப்பட்டுப் போகையில் ஒரு மாலையும் உண்டு.

வேறு வழி உண்டா? கல்கத்தாவைப் பாருங்கள். 1924-இல் சித்தரஞ்சன் தாஸ் மேயர். மாநகராட்சியின் தலைமை நிர்வாக அலுவலராக மன்றம் அமர்த்திய இளைஞர் சுபாஷ் சந்திர போஸ். அலுவலரை மன்றம் அமர்த்தியது, கவனியுங்கள்! வெள்ளையன் காலத்திலேயே அது நடந்தது. பின்னர் அங்கே 1980-இல் சட்டம் இயற்றி, 1984 முதல் மேயரும் அவருடன் சில உறுப்பினரும் சேர்ந்த குழுவிடம் நிறைவேற்றும் அதிகாரத்தைக் கொடுத்தனர். நகருக்கு ஓர் அமைச்சரவை போல. நம்முடையதோ 1888-இல் பம்பாய்க்கு எழுதிய சட்டத்தின் வழி: ஆணையரே அச்சு. கல்கத்தாவின் தெருக்கள் பளிங்காய் மின்னுகின்றன என்று நாம் கூறவில்லை. அங்கே குப்பை தேங்கினால் யாரைக் கேட்பது என்று மக்களுக்குத் தெரியும், கூறுவது அவ்வளவே.

இங்கே யாரைக் கேட்பது? 2025 ஆகஸ்டில் அந்தக் கேள்வி ரிப்பன் மாளிகை வாயிலிலேயே வந்து உட்கார்ந்தது. ஐந்தாம், ஆறாம் மண்டலங்களின் குப்பை அகற்றும் பணியைத் தனியாரிடம் கொடுத்தபோது, அங்கே பல்லாண்டு துடைப்பம் பிடித்த தொழிலாளர்கள், பெரும்பாலும் தாழ்த்தப்பட்ட மக்கள், அவர்களில் பெண்களே மிகுதி, நடைபாதையில் பதின்மூன்று நாள் அமர்ந்தனர். மாநகராட்சியே எங்களை வைத்துக்கொள்ளட்டும் என்றனர். உள்ளே இருந்த மன்றம் ஒப்பந்தத்துக்கு ஒப்புதல் தந்திருந்தது. அமைச்சர் பேசினார், அதிகாரிகள் பேசினர், உயர் நீதிமன்றம் இடத்தைக் காலி செய்யச் சொன்னது, நள்ளிரவில் காவல்துறை அவர்களை அப்புறப்படுத்தியது. மறுநாள் அமைச்சரவை அவர்களுக்கு உணவு உள்ளிட்ட நலத்திட்டங்களை அறிவித்தது. உணவு நல்லதே. தியாகராயரின் மன்றமும் உணவுதான் கொடுத்தது; ஆனால் அது பிள்ளைகள் எதற்காகப் பட்டினியாக இருந்தார்களோ அதற்கு விடை. துடைப்பம் பிடித்தவர்கள் கேட்டது சோறு அல்ல. யாருடைய வேலையாட்கள் நாங்கள் என்ற கேள்விக்கு விடை. இருநூறு வார்டுகளின் பிரதிநிதிகள் அந்தப் பதின்மூன்று நாளும் அங்கே கூடி, ஒப்பந்தத்தை மறுபடி எடுத்து, ஆணையரைக் கணக்குக் கேட்டு விவாதித்திருந்தால், தீர்ப்பு எதுவானாலும், அதை மாமன்றம் என்று நாம் அழைத்திருப்போம்.

மதுராந்தகம் ஏரிக்குத் தெற்கே இருக்கும் உங்களுக்கு மாநகராட்சியைப் பற்றி என்ன கவலை என்று சென்னைத் தோழர் ஒருவர் நம்மைக் கேட்டார். நல்ல கேள்வி. 2021-இல் தாம்பரம் மாநகராட்சியாகிவிட்டது. 2022-இல் பெருநகரப் பகுதியின் எல்லையை 1,189 சதுர கிலோமீட்டரிலிருந்து 5,904 ஆக விரித்து ஆணை வந்தது. மாநகரம் நம்மை நோக்கி நடந்து வருகிறது. எங்கே ஏரி, எங்கே கட்டடம் என்று கோடு போடப்போகிறவர் நாம் வாக்களித்தவர் அல்லர். அரசு நியமித்த குழுமம். பெருநகரத் திட்டக் குழுவில் மூன்றில் இரண்டு பங்கினர் உள்ளாட்சிப் பிரதிநிதிகளிலிருந்து தேர்ந்தெடுக்கப்பட வேண்டும் என்று அரசியல் சட்டம் எழுதி வைத்திருக்கிறது. எழுதி வைத்ததைப் படிக்கத் தெரிந்தவர்கள் கோரட்டும். 2022-இல் பகுதி சபைகளுக்கும் வார்டு குழுக்களுக்கும் விதிகள் வந்தன. தெருவார் கூடி உறுப்பினரைக் கேள்வி கேட்கலாம். கூட்டம் எப்போது என்று கேளுங்கள், போங்கள், தீர்மானப் புத்தகத்தில் கையொப்பமிடுமுன் என்ன எழுதியிருக்கிறது என்று படியுங்கள். பட்டிமன்றத்துக்குச் செல்லும் இளைஞர்களில் பாதிப் பேர் பகுதி சபைக்குச் சென்றால் போதும். எம் ஊர்ப் பேரூராட்சியிலும் தலைவர் உண்டு, செயல் அலுவலரும் உண்டு. நாற்காலியின் அளவு சிறிது, கதை ஒன்றே.

வகுப்பறைக்குத் திரும்புவோம். அந்தச் சிறுவனுக்கு "நீக்க முடியாது" என்று விடை சொன்னோம். மேயர் நாற்காலியிலிருந்த மாணவி எழுந்து, "அப்படியானால் ஐயா, நான் ஆணையராக வந்துவிடட்டுமா?" என்று கேட்டாள். வகுப்பு சிரித்தது. நாம் சிரிக்கவில்லை. ஆணையராக இருந்த முதல் மதிப்பெண் மாணவன் மட்டும் தன் இடத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டான். மறுநாள் அதே மன்றத்தைத் தொடர்ந்து நடத்தினோம். முதல் தீர்மானமாக, ஆணையரை மன்றமே தேர்ந்தெடுக்கும் என்று அவர்கள் விதியை மாற்றி எழுதிக்கொண்டு வந்திருந்தார்கள். தேர்வில் அப்படி எழுதினால் மதிப்பெண் கிடைக்காது என்று சொல்ல வேண்டியது நம் கடமை. சொன்னோம். தீர்மானத்தைக் கரும்பலகையிலிருந்து அழிக்கச் சொல்லவில்லை.